சிறைத் தண்டனை நம்மிடமிருந்து எதைப் பறிக்கிறது? வேலூரை வைத்து ஒரு எளிய விளக்கம்

வேலூர் தொரப்பாடியில் இருக்கும் மத்திய சிறை 1830ல் கட்டப்பட்டது. இந்தியத் தண்டனைச் சட்டம் வருவதற்கு 30 வருடம் முன்பே அந்த மதில் எழுந்துவிட்டது. அப்போது வட ஆர்க்காடு மாவட்டத்துக்கு வேலூர் தலைநகரம்கூட இல்லை. 1911 வரை சித்தூர்தான் தலைநகரம். கலெக்டர் அலுவலகம் ஊருக்கு வருவதற்கு 80 வருடம் முன்பே ஜெயில் வந்துவிட்டது.

இத்தனை காலம் ஊரோடு ஒட்டிக்கொண்டிருந்தும் உள்ளே என்ன நடக்கிறது, அங்கே இருப்பவர்கள் யார் என்பது வெளியில் பலருக்குத் தெளிவாகத் தெரியாது. ‘களி திங்கப் போறான்’, ‘கம்பி எண்ணப் போறான்’ என்று சாதாரணமாகச் சொல்லிவிடுகிறோம். இந்தப் பேச்சுக்குள் இரண்டு நம்பிக்கைகள் இருக்கின்றன. உள்ளே போனவன் எல்லாம் குற்றவாளி என்பது ஒன்று. உள்ளே போனால் துன்பப்பட்டே ஆக வேண்டும், அதற்குத்தானே அனுப்புகிறார்கள் என்பது இன்னொன்று. இரண்டும் தவறு. ஏன் தவறு என்பதைப் படிப்படியாகப் பார்க்கலாம். உதாரணங்களுக்கு வேலூரைத் தாண்டிப் போக வேண்டிய தேவை அதிகம் இருக்காது. இந்த நாட்டில் மனிதர்களை அடைத்து வைத்த, தண்டித்த முறைகளில் பெரும்பாலானவற்றை இந்த ஊர் பார்த்திருக்கிறது.

சிறைக்கு முந்திய தண்டனைகள்

ஒருவரை இத்தனை வருடம் அடைத்து வைப்பதே தண்டனை என்ற எண்ணம் உலகத்துக்கே கொஞ்சம் புதியது. சிறைகள் பழைய காலத்திலும் இருந்தன. ஆனால் பெரும்பாலும் விசாரணை முடியும் வரை, அல்லது கடனோ வரியோ கட்டும் வரை ஆளைப் பிடித்து வைக்கும் இடமாகவே இருந்தன. தண்டனை என்பது அதற்கு அப்புறம் வரும். உடம்பின் மேல் வரும், சொத்தின் மேல் வரும், அல்லது ஊரைவிட்டுத் துரத்துவதாக வரும்.

நம் பக்கத்துச் சோழர் காலக் கல்வெட்டுகளில் இன்னொரு வகையும் தெரிகிறது. வேட்டைக்குப் போனவன் எய்த அம்பு தவறி ஒரு மனிதன் மேல் பட்டு அவன் இறந்துபோனால், கொன்றவனைக் கொல்ல வேண்டியதில்லை என்று ஊர்ச் சபை முடிவு செய்கிறது. அதற்குப் பதிலாகக் கோயிலில் விளக்கு எரிக்க அவன் ஆடுகளைக் கொடுக்க வேண்டும். அணையாமல் எரியும் ஒரு நந்தா விளக்குக்கு 90 அல்லது 96 ஆடு என்பது வழக்கமான கணக்கு. இறந்தவன் பெயரில் விளக்கு எரிந்துகொண்டிருக்கும். வேண்டுமென்று செய்தானா, தவறி நடந்ததா என்று பிரித்துப் பார்க்கும் பார்வை அதில் இருக்கிறது. இன்றைய சட்டத்தின் அடிப்படைகளில் அதுவும் ஒன்று. ஆனால் இதை வைத்து அந்தக் காலம் எல்லாருக்கும் நியாயமாக இருந்தது என்று சொல்லிவிட முடியாது. சாதியும் அந்தஸ்தும் பார்த்துத்தான் பல தண்டனைகள் மாறின.

மணிமேகலையில் வரும் ஒரு காட்சியையும் இங்கே சொல்ல வேண்டும். அரசன் என்ன வேண்டும் என்று கேட்க, சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக மாற்றித் தரச் சொல்கிறாள் மணிமேகலை. அடைத்து வைத்திருந்த இடம் பசித்தவர்களுக்குச் சோறு போடும் இடமாகிறது. அந்தக் காதைக்குப் பெயரே அதுதான். சிறையைப் பற்றி இப்படி ஒரு கேள்வி கேட்க நம் மொழியில் எப்போதோ இடம் இருந்திருக்கிறது என்பது எனக்கு முக்கியமாகப் படுகிறது.

உடம்பின் மேல் விழுந்த தண்டனைக்கு வேலூர்க் கோட்டையைவிடக் கொடிய சாட்சி தேவையில்லை. 1806 ஜூலை 10 சிப்பாய்க் கலகம் எல்லாருக்கும் தெரிந்த கதை. அதற்கான காரணங்களில் ஒரு தண்டனையும் உண்டு என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. புதுத் தலைப்பாகையை அணிய மாட்டோம் என்று அந்த ஆண்டு மே மாதம் எதிர்த்த சிப்பாய்களை விசாரணைக்கு அனுப்பி, சிலருக்குச் சவுக்கடி கொடுத்து வேலையைவிட்டும் நீக்கினார்கள். அடங்கிவிடுவார்கள் என்று நினைத்துக் கொடுத்த தண்டனை அது. இரண்டு மாதத்தில் கோட்டையே எழுந்துவிட்டது.

ஆர்க்காட்டிலிருந்து குதிரைப்படையோடு ஆங்கிலேய அதிகாரி கில்லஸ்பி வந்து கோட்டையைத் திரும்பப் பிடித்த பிறகு, அரண்மனைக்குள் ஒளிந்திருந்த சுமார் 100 சிப்பாய்களை வெளியே கொண்டுவந்து, எந்த விசாரணையும் இல்லாமல் சுவர் ஓரமாக நிறுத்திச் சுட்டார்கள். அப்புறம்தான் விசாரணை நடந்தது. ஆறு பேரைப் பீரங்கி வாயில் கட்டிச் சிதறடித்தார்கள். ஐந்து பேரைச் சுட்டார்கள். எட்டுப் பேரைத் தூக்கிலிட்டார்கள். ஐந்து பேரைக் கடல் கடத்தினார்கள். பீரங்கி வாயில் கட்டிச் சுடுவது வெறும் கொலை அல்ல. பார்ப்பவர்கள் பயப்பட வேண்டும் என்பதற்காகவும், இறந்தவனுக்கு முறையான சடங்குகூட நடக்கக் கூடாது என்பதற்காகவும் தேர்ந்தெடுத்த முறை அது. தண்டனையின் நோக்கம் அச்சுறுத்துவது மட்டும்தான் என்று வைத்துக்கொண்டால் அது எங்கே போய் நிற்கும் என்பதை இது காட்டுகிறது.

அதே கோட்டையில் வேறு வகைச் சிறைவாசமும் இருந்தது. 1799ல் திப்பு சுல்தான் இறந்த பிறகு அவர் பிள்ளைகளையும் குடும்பத்தையும் உதவித்தொகையோடு இங்கேதான் வைத்திருந்தார்கள். 1806க்குப் பிறகு அவர்களைக் கல்கத்தாவுக்குக் கொண்டுபோனார்கள். அடுத்து, கண்டியின் கடைசி அரசன் ஸ்ரீ விக்ரம ராஜசிங்கன் 1816ல் இங்கே வந்தார். 1832ல் இறக்கும் வரை அவர் ஊர் திரும்பவில்லை. பாலாற்றங்கரையில் முத்து மண்டபம் என்று நாம் சொல்லும் இடத்தில்தான் அவர் சமாதி இருக்கிறது. ‘அரசன் இல்லாத கோட்டை’ என்று வேலூரைச் சொல்வார்கள். ஓர் அரசன் 16 வருடம் இங்கே கைதியாக இருந்திருக்கிறார். எந்த நீதிமன்றமும் அவருக்கு அந்தத் தண்டனையைக் கொடுக்கவில்லை. அதிகாரத்தில் இருப்பவர்களுக்கு அவர் வெளியே இருப்பது ஆபத்தாகப் பட்டது, அவ்வளவுதான். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

மதில் எழுந்த காலம்

பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசியில் ஐரோப்பாவில் ஒரு மாற்றம் நடந்தது. சவுக்கடி, சூடு, தூக்கு என்று உடம்பை வதைப்பதைக் குறைத்து, காலத்தைத் தண்டனையாக எடுத்துக்கொள்ளலாம் என்ற எண்ணம் வலுத்தது. திருட்டுக்கு ஒரு வருடம், கொள்ளைக்குப் பத்து வருடம் என்று குற்றத்தின் அளவுக்குத் தக்கபடி அளந்து கொடுக்க முடிகிற ஒன்று காலம் மட்டும்தான். ஏழைக்கும் பணக்காரனுக்கும் ஒரு நாளுக்கு 24 மணி நேரம்தான் என்பதால் அது சமமான தண்டனை என்றும் நினைத்தார்கள்.

கம்பெனி ஆட்சி அந்த எண்ணத்தை இங்கே கொண்டுவந்தபோது அதன் கருணையான பாதியை விட்டுவிட்டது. கைதிகளின் காலில் விலங்கு பூட்டி ரோடு போட அனுப்புவது அன்றைய வழக்கம். 1835ல் கவர்னர் ஜெனரல் சபையின் சட்ட உறுப்பினர் மெக்காலே சொன்னதன் பேரில் அமைந்த சிறைக் குழு 1838ல் அறிக்கை கொடுத்தது. பெரிய மத்திய சிறைகள் வேண்டும், ரோட்டு வேலையை நிறுத்தி உள்ளேயே சலிப்பூட்டும் கடும் வேலை கொடுக்க வேண்டும், கைதியைத் திருத்துவது நம் வேலை இல்லை என்பது அதன் போக்கு. கோவைச் சிறையில் வ.உ.சி. செக்கிழுத்தது 70 வருடம் கழித்து என்றாலும் அதன் வேர் இங்கேதான் இருக்கிறது. எண்ணெய் தேவைப்பட்டதால் ஒரு வக்கீலைச் செக்கில் பூட்டவில்லை. ஆளை உடைப்பதற்காகவே பூட்டினார்கள்.

இந்தியத் தண்டனைச் சட்டம் 1860ல் நிறைவேறி 1862ல் நடைமுறைக்கு வந்தது. 1864ல் கசையடிக்கென்றே தனிச் சட்டம் வந்தது. கசையடித் தண்டனை 1955 வரை சட்டத்தில் உயிரோடு இருந்தது. 1894ல் சிறைகள் சட்டம் வந்தது. ஒரு நூற்றாண்டுக்கு மேல் நம் சிறைகள் அந்தச் சட்டத்தின் அடிப்படையில்தான் நடந்து வந்திருக்கின்றன. 1919–20ல் அலெக்சாண்டர் கார்டியூ தலைமையில் அமைந்த குழு, கைதியைத் திருத்தி வெளியே அனுப்புவதும் சிறையின் வேலைதான் என்று முதன்முறையாக அரசு அறிக்கையில் எழுதியது. ஆனால் அதை எழுதுவது சுலபம். வேலூரில் 1979ல் தொடங்கிய சிறை நிர்வாகப் பயிற்சி நிறுவனத்துக்குத் தென் மாநிலங்களிலிருந்து சிறை அதிகாரிகள் பயிற்சிக்கு வருகிறார்கள். கட்டடம் மாறினால் போதாது, சாவியை வைத்திருப்பவர் மாற வேண்டும் என்ற புரிதலிலிருந்துதான் இப்படிப்பட்ட நிறுவனங்கள் வந்தன.

உள்ளே இருப்பது யார்?

முதலில் சொன்ன முதல் நம்பிக்கைக்கு வருவோம். 2022 கடைசியில் இந்தியச் சிறைகளில் 5,73,220 பேர் இருந்தார்கள் என்கிறது தேசியக் குற்ற ஆவணக் காப்பகம். இடம் இருந்தது 4,36,266 பேருக்குத்தான். நூறு பேர் இருக்க வேண்டிய இடத்தில் 131 பேர். தமிழ்நாட்டில் மொத்தக் கணக்கில் அந்த நெரிசல் இல்லை, அது நல்ல விஷயம். ஆனால் அதே கணக்கில் இன்னொரு எண் இருக்கிறது. அந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நான்கு பேரில் மூன்று பேருக்கு மேல். அவர்கள் குற்றம் செய்தார்கள் என்று எந்த நீதிமன்றமும் இன்னும் சொல்லவில்லை.

விசாரணைக் கைதி என்றால் வழக்கு நடக்கும்போது உள்ளே வைக்கப்பட்டவர். போலீஸ் பிடித்தால் 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். பயண நேரம் அதில் சேராது. அங்கே ரிமாண்ட் ஆனால் சப்-ஜெயிலுக்கோ மத்திய சிறைக்கோ அனுப்புவார்கள். அவர் ஓடிவிடக் கூடாது, சாட்சியைக் கலைக்கக் கூடாது என்பதற்காகத்தான் இந்தக் காவல். அவரை வேலை செய்யக் கட்டாயப்படுத்த முடியாது, சொந்த உடையில் இருக்கலாம். இது தண்டனை இல்லை என்பதற்கான அடையாளங்கள் இவை.

சரி, பிறகு ஏன் இத்தனை பேர்? ஜாமீன் கிடைத்தாலும் ஜாமீன்தாரர் கிடைக்காமல் உள்ளேயே இருப்பவர்கள் இருக்கிறார்கள். பீடி சுற்றும் குடும்பத்திலும் கல் உடைக்கும் குடும்பத்திலும் சொத்து வரி ரசீதோடு இரண்டு பேரைக் கூட்டி வருவது லேசான காரியம் இல்லை. வாய்தாவுக்கு மேல் வாய்தா போகும். ஒரே குற்றச்சாட்டுக்கு வசதி உள்ளவர் பத்து நாளில் வெளியே வந்துவிடுவார், இல்லாதவர் ஒரு வருடம் இருப்பார். காலம் எல்லாருக்கும் சமம் என்ற பழைய எண்ணம் இங்கேதான் உடைகிறது. 1979ல் பீகார்ச் சிறைகளில் தண்டனைக் காலத்தைவிட அதிக நாள் விசாரணைக் கைதிகளாகவே கிடந்தவர்களின் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோது, விரைவான விசாரணை அடிப்படை உரிமை என்று தீர்ப்பானது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 479ஆம் பிரிவு இன்னும் கொஞ்சம் முன்னே போகிறது. இதற்கு முன் எந்தக் குற்றத்துக்கும் தண்டனை பெறாதவர், தன் மேல் சாட்டப்பட்ட குற்றத்துக்கான உச்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலத்தை உள்ளே கழித்துவிட்டால் ஜாமீனில் விடப்பட வேண்டும். மற்றவர்களுக்குப் பாதிக் காலம். தூக்கோ ஆயுளோ வரக்கூடிய குற்றங்களுக்கும், ஒருவர் மேல் பல வழக்குகள் இருந்தாலும் இது பொருந்தாது. இதற்காக நீதிமன்றத்துக்கு எழுத வேண்டிய பொறுப்பு சிறைக் கண்காணிப்பாளருக்கே இருக்கிறது.

மூன்றாவதாக ஒரு வகை உண்டு: தடுப்புக் காவல். இவர் மேல் குற்றம் நிரூபிக்கப்படவில்லை. விசாரணையும் நடக்கப் போவதில்லை. இனிமேல் ஏதாவது செய்துவிடுவார் என்பதற்காக முன்கூட்டியே அடைத்து வைப்பது. கண்டி அரசனை நினைவு வைத்துக்கொள்ளச் சொன்னது இதற்காகத்தான்.

காமராஜர் 1940 டிசம்பரில் கைதாகி வேலூர்ச் சிறைக்கு வந்தது இந்தியப் பாதுகாப்பு விதிகளின் கீழ். யுத்த நிதிக்குப் பணம் கொடுக்காதீர்கள் என்று பேசியதற்காக. அவர் உள்ளே இருக்கும்போதே 1941ல் விருதுநகர் நகராட்சித் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதற்கு இருபது வருடம் முன்னால் 1921 டிசம்பரிலிருந்து 1922 மார்ச் வரை ராஜாஜி இதே சிறையில் இருந்தார். ஆனால் அது மாஜிஸ்திரேட் கொடுத்த மூன்று மாதத் தண்டனை. ஒரே சிறை, இரண்டு தலைவர்கள், இரண்டு சட்ட நிலைகள். ராஜாஜிக்கு வெளியே வரும் தேதி தெரியும். காமராஜருக்குத் தெரியாது. தடுப்புக் காவலின் கொடுமையே அதுதான்.

சுதந்திரம் வந்தும் இது போகவில்லை. யுத்தக் காலத்தில் வேலூர்ச் சிறையிலிருந்து தப்பிய கம்யூனிஸ்ட் தலைவர் ஏ.கே. கோபாலனைக் குடியரசு வந்த 1950லும் தடுப்புக் காவலில் வைத்தார்கள். அவர் சென்னை மாகாணத்துக்கு எதிராகப் போட்ட வழக்குதான் உயிர்வாழ்வும் தனிநபர் சுதந்திரமும் பற்றிய அரசியல் சாசனத்தின் 21ஆம் உறுப்பை உச்ச நீதிமன்றம் விரிவாக ஆராய்ந்த முதல் பெரிய வழக்கு. அதில் அவர் தோற்றார். சட்டசபை ஒரு சட்டம் போட்டு, அதன்படி அடைத்தால் போதும் என்றது பெரும்பான்மைத் தீர்ப்பு. அந்தச் சட்டமும் நடைமுறையும் நியாயமாக இருக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொல்ல 1978 ஆகிவிட்டது.

நம் மாவட்டச் செய்திகளில் ‘குண்டாஸ் பாய்ந்தது’ என்று படிப்பது இந்த வகைதான். 1982ஆம் ஆண்டு தமிழ்நாட்டுச் சட்டம் அது. எஸ்.பி. பரிந்துரைக்க, கலெக்டர் உத்தரவு போடுவார். அதிகபட்சம் 12 மாதம். ஜாமீன் கிடையாது. மூன்று பேர் கொண்ட அறிவுரைக் கழகம் பரிசீலிக்கும், அங்கே வக்கீலோடு வாதாடும் உரிமையும் இல்லை. அடைத்து வைத்தது சட்டப்படி சரியா என்று கேட்கும் ஆட்கொணர்வு மனுவை உயர் நீதிமன்றத்தில் போட்டுத்தான் பெரும்பாலும் வெளியே வருகிறார்கள். பயங்கரமான ஆட்களை உடனே கட்டுப்படுத்த இது தேவை என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள், அவர்கள் பயத்தை நான் புரிந்துகொள்கிறேன். ஆனாலும் குற்றத்தை நிரூபிக்கும் சிரமத்தைத் தவிர்க்க இது ஒரு குறுக்கு வழியாகிவிடக் கூடாது. சிரமப்பட்டு நிரூபிப்பதுதான் நீதி.

தீர்ப்புச் செய்தியில் வரும் சொற்கள்

கடுங்காவல் என்றால் வேலை செய்ய வேண்டிய சிறைத் தண்டனை. மெய்க்காவல் அல்லது சாதாரணச் சிறை என்றால் வேலை கட்டாயமில்லை. கடுங்காவலில் ‘கடும்’ என்பது அடிப்பதையோ பட்டினி போடுவதையோ குறிக்காது. தனிமைச் சிறையைக்கூட நீதிமன்றம்தான் தனியாகச் சொல்ல வேண்டும், மொத்தம் மூன்று மாதத்துக்கு மேல் போகக் கூடாது என்று 1860லேயே எழுதிவிட்டார்கள்.

‘ஏக காலத்தில் அனுபவிக்க வேண்டும்’ என்றால், மூன்று பிரிவுகளில் 3, 5, 7 வருடம் என்று கொடுத்திருந்தாலும் மொத்தம் 7 வருடம்தான். ரிமாண்டில் இருந்த நாட்கள் தண்டனையிலிருந்து கழிக்கப்படும். ‘அபராதம் கட்டத் தவறினால் மேலும் ஆறு மாதம்’ என்று வரும்போது, அந்த ஆறு மாதத்தை யார் அனுபவிப்பார்கள் என்பதற்குப் பதில் தேவையில்லை.

ஆயுள் என்றால் 14 வருடம் என்பது நம் ஊரில் மிகப் பரவலான தவறான நம்பிக்கை. ஆயுள் என்றால் உயிர் இருக்கும் வரை. அரசு நினைத்தால் தண்டனையைக் குறைக்கலாம். ஆனால் கொலை போன்ற குற்றங்களில் குறைந்தது 14 வருடம் முடியாமல் நடைமுறைச் சட்டத்தின் கீழ் விடக் கூடாது. இந்த 14 அங்கிருந்து வந்ததுதான். 2008ல் அண்ணா நூற்றாண்டுக்கு நீண்டகாலக் கைதிகளை விட்டார்களே, அது அரசு கொடுத்த குறைப்பு, கைதிக்குத் தானாக வந்த உரிமை இல்லை. ‘இரட்டை ஆயுள்’, ‘மூன்று ஆயுள்’ என்று செய்தி வந்தாலும், ஒருவருக்கு இருப்பது ஓர் உயிர்தான், ஆயுள் தண்டனைகளை ஒன்றன்பின் ஒன்றாக அடுக்க முடியாது என்று 2016ல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தெளிவாக்கிவிட்டது.

இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக 2024ல் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் சமூக சேவையும் ஒரு தண்டனையாகச் சேர்ந்திருக்கிறது. 5,000 ரூபாய்க்குக் குறைவான பொருளை முதல் முறை திருடி, அதைத் திருப்பியும் கொடுத்துவிட்டவரை ஜெயிலுக்கு அனுப்பாமல் பொது வேலை செய்ய வைக்க வேண்டும். சின்னத் திருட்டுக்கு உள்ளே போன பையன் பெரிய திருட்டைக் கற்றுக்கொண்டு வருவான் என்று ஊரில் எல்லாருக்கும் தெரிந்ததைச் சட்டம் இப்போதுதான் ஒப்புக்கொண்டிருக்கிறது.

தூக்கும் காத்திருப்பும்

தமிழ்நாட்டில் கடைசியாகத் தூக்கிலிடப்பட்டது 1995 ஏப்ரலில், சேலம் சிறையில், ஆட்டோ சங்கர். அதற்குப் பிறகு மாநிலமே மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தது வேலூர்ச் சிறையைத்தான். ராஜீவ் காந்தி கொலை வழக்கில் 26 பேருக்குத் தூக்கு என்று 1998ல் தடா என்ற பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்தின் கீழ் அமைந்த நீதிமன்றம் சொன்னது. 1999ல் உச்ச நீதிமன்றம் நான்கு பேருக்கு அதை உறுதி செய்தது. நளினிக்கு 2000ல் ஆயுளாகக் குறைந்தது. பேரறிவாளன், முருகன், சாந்தன் ஆகியோரின் கருணை மனு குடியரசுத் தலைவரிடம் 11 வருடம் கிடந்து 2011 ஆகஸ்டில் நிராகரிக்கப்பட்டது. செப்டம்பர் 9 என்று வேலூரில் தேதி குறித்தார்கள். ஆகஸ்ட் 28 அன்று காஞ்சிபுரத்தில் செங்கொடி என்ற இளம்பெண் தீக்குளித்து இறந்தார். 30ஆம் தேதி சென்னை உயர் நீதிமன்றம் தடை கொடுத்தது.

இங்கே ஒன்றைக் கவனமாகச் சொல்ல வேண்டும். ஸ்ரீபெரும்புதூரில் இறந்தது ராஜீவ் மட்டும் இல்லை. அங்கே பாதுகாப்புக்கு நின்ற போலீஸ்காரர்களும், பார்க்க வந்த சாதாரண மக்களும் இறந்தார்கள். அவர்கள் குடும்பங்களின் வலி எந்தத் தீர்ப்பாலும் தீர்ந்துவிடவில்லை. அதை மறந்துவிட்டு இந்த வழக்கைப் பேசக் கூடாது. அதோடு சேர்த்துத்தான் 2014 பிப்ரவரி 18 தீர்ப்பையும் பார்க்க வேண்டும். இன்று வருமா, நாளை வருமா என்று ஒருவரைப் பதினோரு வருடம் தூக்குக் கயிற்றுக்குப் பக்கத்தில் நிறுத்தி வைப்பது தனியாக ஒரு சித்திரவதை, நீதிமன்றம் அந்தச் சித்திரவதையைத் தண்டனையாகக் கொடுக்கவில்லை என்பதுதான் அதன் சாரம். மூவரின் தூக்கும் ஆயுளானது. 2022 மே மாதம் பேரறிவாளனும், நவம்பரில் மற்றவர்களும் விடுதலையானார்கள். 19 வயதில் கைதான பேரறிவாளன் வெளியே வரும்போது 31 வருடம் போயிருந்தது.

வேலூரிலிருந்து விடுதலையான முருகனும் சாந்தனும் இலங்கைக் குடிமக்கள் என்பதால் வீட்டுக்குப் போகவில்லை, வெளிநாட்டவரை வைத்திருக்கும் திருச்சி சிறப்பு முகாமுக்குப் போனார்கள். தண்டனை முடிந்த பிறகும் காவல். சாந்தன் ஊர் திரும்பாமலே 2024 பிப்ரவரியில் சென்னையில் இறந்தார். இதே போன்ற சிறப்பு முகாம் ஒன்று 90களில் வேலூர்க் கோட்டைக்குள் திப்பு மஹாலில் இருந்தது. 1995ல் 43 பேர் சுரங்கம் தோண்டித் தப்பிய பிறகுதான் பலருக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரிந்தது.

தீர்ப்பில் எழுதாத தண்டனைகள்

இப்போது இரண்டாவது நம்பிக்கை. ‘குற்றம் செய்தவனுக்கு எதற்கு ஃபேன், எதற்குக் கறிச்சோறு?’ என்று கேட்பவர்களிடம் நான் சொல்வது இதுதான். நீதிபதி தீர்ப்பில் எழுதியது ஏழு வருடம் வெளியே போக முடியாது என்பது. பிள்ளை பிறந்ததைப் பார்க்க முடியாது, அப்பா சாவுக்குப் பரோல் கேட்டுக் கெஞ்ச வேண்டும், நினைத்தபோது கதவைத் திறக்க முடியாது. தண்டனை என்பது அதுதான், அது சின்ன விஷயமும் இல்லை. வேலூரின் மே மாத வெயிலில் மூச்சு முட்ட வேண்டும், அடி வாங்க வேண்டும், பல்வலிக்கு மருந்து கிடைக்கக் கூடாது என்று எந்த நீதிபதியும் எழுதவில்லை. எழுதவும் முடியாது. எழுதாததை வேறு யாராவது கொடுத்தால் அது சட்டத்துக்கு வெளியே நடக்கும் இன்னொரு குற்றம். சிறைக் கதவு மூடினாலும் அரசியல் சாசனம் வெளியே நின்றுவிடுவதில்லை என்பதை 1978லிருந்து உச்ச நீதிமன்றம் சுனில் பத்ரா வழக்குகளில் தெளிவாக்கியிருக்கிறது. தூக்குக் கைதி என்பதற்காகத் தனிமையில் அடைப்பதும், நினைத்தபடி விலங்கு பூட்டுவதும் தவறு என்று அந்த வழக்குகள்தான் நிறுவின.

ஆனாலும் நடக்கிறது. 2024ல் வேலூர்ச் சிறையின் ஆயுள் கைதி ஒருவரின் தாய் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். உயரதிகாரி வீட்டில் தன் மகனை வேலைக்காரனாக வைத்து, திருடிவிட்டான் என்று குற்றம் சாட்டி, அடித்துத் தனி அறையில் பூட்டினார்கள் என்பது அவர் புகார். நீதிமன்ற உத்தரவுப்படி விசாரணை நடந்து, சிறை அதிகாரிகள் மீது சிபிசிஐடி வழக்குப் பதிந்தது. சிலர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார்கள். அது உண்மையா என்பதை விசாரணைதான் சொல்ல வேண்டும். நிரூபிக்கப்படும் வரை குற்றவாளி என்று முத்திரை குத்தப்படாமல் இருக்கும் உரிமை அந்த அதிகாரிகளுக்கும் உண்டு. ஆனால் மகனைப் பார்க்க வந்த ஒரு தாய் விடாப்பிடியாக நிற்காவிட்டால் மதிலுக்குள் நடப்பது வெளியே வருவது எவ்வளவு கடினம் என்பதை யோசித்துப் பாருங்கள்.

அதே 2024 அக்டோபரில் சாதி பற்றிய தீர்ப்பும் வந்தது. சமையலுக்கு ஒரு சாதி, கழிவறை கழுவ ஒரு சாதி என்று பல மாநிலச் சிறை விதிகளிலேயே எழுதி வைத்திருந்ததை உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, கைதிப் பதிவேட்டில் சாதிக் கலத்தையே நீக்கச் சொன்னது. குடியரசு வந்து 74 வருடம் கழித்து.

நல்லதும் இருக்கிறது, அதைச் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை என்று தோல் தொழிலுக்குப் பேர்போன வட்டாரம் இது. வேலூர்ச் சிறைக்குள்ளும் கைதிகள் பூட்ஸ் தைக்கிறார்கள், போலீஸ்காரர்கள் காலில் அது ஏறுகிறது. கைதிகளே வேலை செய்யும் பெட்ரோல் பங்க் நடக்கிறது. கூலியில் ஒரு பகுதி, அவர்களால் பாதிக்கப்பட்டவர்களுக்கான நிதிக்குப் போகிறது. அந்தப் பழைய நந்தா விளக்கு ஆடுகளின் நியாயம் இதில் கொஞ்சம் இருக்கிறது. பெண்கள் தனிச் சிறையில் ஆறு வயது வரை குழந்தை தாயோடு இருக்கலாம். அந்தக் குழந்தைக்குப் பால், தடுப்பூசி, படிப்பு கொடுக்க வேண்டும் என்று 2006ல் உச்ச நீதிமன்றம் விதிமுறை வகுத்தது. அந்தக் குழந்தை கைதி இல்லை என்பதையும் அந்தத் தீர்ப்பே சொல்கிறது.

வீட்டில் ஒருவர் கைதானால் முதலில் செய்ய வேண்டியதையும் சொல்லிவிடுகிறேன். எதற்காகக் கைது என்று கேளுங்கள், சொல்ல வேண்டியது போலீஸின் கடமை. எந்த மாஜிஸ்திரேட் முன் எப்போது நிறுத்தப் போகிறார்கள் என்று கேளுங்கள். வக்கீல் வைக்கப் பணம் இல்லை என்றால் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100க்கு ஃபோன் செய்யுங்கள். இலவச வக்கீல் என்பது தயவு இல்லை, உரிமை. அறுபது நாளில், பெரிய குற்றமானால் தொண்ணூறு நாளில், குற்றப்பத்திரிகை வரவில்லை என்றால் ஜாமீன் கேட்கும் உரிமை தானாக வந்துவிடும். அந்தத் தேதியை நீங்களே காலண்டரில் குறித்து வையுங்கள். ஜாமீன் கிடைத்தும் பணம் கட்ட வழியில்லை என்றால், ஏழைக் கைதிகளுக்கு உதவ 2023ல் மத்திய அரசு தொடங்கிய திட்டம் இருக்கிறது, அதையும் அந்த ஆணைக்குழுவிலேயே கேட்கலாம். அப்புறம், மனு போட்டுப் போய்ப் பாருங்கள். யாரும் பார்க்க வராத கைதிக்கு என்ன நடந்தாலும் கேட்க ஆளில்லை என்பது உள்ளே எல்லாருக்கும் தெரியும்.